தாளுக்கு 200 யென்: அனிமே ஈட்டும் பணம் எந்த வழியாகப் போகிறது?

2025 செப்டம்பர் 12 அன்று 'டீமன் ஸ்லேயர்: இன்ஃபினிட்டி காசில்' என்ற ஜப்பானிய அனிமேஷன் படம் இந்தியத் திரையரங்குகளில் வெளியானது. ஜப்பானிய மொழி, ஆங்கிலம், இந்தியோடு தமிழிலும் தெலுங்கிலும் அது பேசியது. உலக அளவில் 60 கோடி டாலருக்கு மேல் வசூலித்தது. அதே கதையின் முந்தைய படம் 2020இல், பெருந்தொற்றின் நடுவே, ஜப்பானில் மட்டும் 4,000 கோடி யென்னைத் தாண்டி அந்த நாட்டின் வசூல் பட்டியலில் முதலிடத்தைப் பிடித்திருந்தது.

இது ஒரு வகைச் செய்தி. இன்னொரு வகைச் செய்தியும் அவ்வப்போது கண்ணில் படுகிறது. 2024இல் ஐ.நா. மனித உரிமை மன்றத்தின் பணிக்குழு ஒன்று ஜப்பானைப் பற்றித் தந்த அறிக்கை, குறைந்த கூலிக்கும் அளவற்ற வேலை நேரத்துக்கும் எடுத்துக்காட்டாக அனிமே ஓவியர்களைச் சொன்னது. உலகமே பார்க்கும் படத்தை வரைகிறவர் வாடகை கட்டத் திணறுகிறார் என்றால் இரண்டில் ஒரு செய்தி பொய்யாகத்தானே இருக்க வேண்டும்?

இரண்டும் உண்மை. முதலாளிகளின் பேராசை என்று சொல்லி முடித்துவிடலாம்தான். ஆனால் பேராசை எல்லாத் தொழிலிலும் உண்டு. அனிமேவின் கணக்கு மட்டும் ஏன் இப்படி அமைந்தது என்பதற்கு அது விடையாகாது. அனிமேவை உலகெங்கும் கொண்டுசேர்த்த காரணமும், வரைபவரைக் குறைகூலியில் நிறுத்திய காரணமும் ஒன்றே. அது 1963இல் ஒருவர் ஒப்புக்கொண்ட ஒரு விலை.

முதலில் சில சொற்கள்

மங்கா என்பது ஜப்பானியச் சித்திரக்கதை. பெரும்பாலும் வார, மாத இதழ்களில் தொடராக வந்து பிறகு தொகுதியாகும். 1968இல் தொடங்கிய 'ஷோனென் ஜம்ப்' இதழ் 1994 இறுதியில் ஒரே வாரத்தில் 65.3 லட்சம் பிரதிகள் அச்சிட்டது. ஒவ்வோர் இதழிலும் ஓர் அஞ்சலட்டை இருக்கும். எந்தத் தொடர் பிடித்தது என்று வாசகர்கள் எழுதி அனுப்புவார்கள். மதிப்பெண் சரிந்தால் தொடர் நிறுத்தப்படும், ஆசிரியர் எத்தனை பெரியவராக இருந்தாலும். அந்த வடிகட்டலில் தப்பிய கதைதான் பெரும்பாலும் அனிமே ஆகிறது. ஆகவே படம் எடுக்கும் பேச்சு தொடங்கும்போதே பதிப்பகத்தின் கை ஓங்கியிருக்கிறது.

அனிமே என்பது ஜப்பானியருக்கு எந்த நாட்டு அனிமேஷனையும் குறிக்கும் சுருக்கச் சொல். வெளியுலகில் மட்டும் அது ஜப்பானில் செய்யப்பட்டதைக் குறிக்கிறது.

அடுத்தது, இந்தக் கட்டுரையின் அச்சாணி: 'செய்சாகு'. தயாரிப்பு என்று பொருள். ஆனால் ஒரே உச்சரிப்பில் இரண்டு சொற்கள் இருக்கின்றன. எழுதும்போது முதல் எழுத்து மட்டும் மாறும். ஒன்றில் அந்த எழுத்தின் அடியில் ஆடையைக் குறிக்கும் உறுப்பு ஒன்று சேர்ந்திருக்கும், மற்றதில் இருக்காது. ஆடை இருந்தால் பணம் போட்டு உரிமை வைத்திருப்பவர். ஆடை இல்லாவிட்டால் உட்கார்ந்து வேலை செய்து முடித்துக் கொடுத்தவர். படத்தின் பெயர்ப்பட்டியலில் இரண்டும் வரும். காதில் கேட்டால் வேறுபாடு தெரியாது. பணக் கணக்கில் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வேறுபாடு.

1963: ஒரு மலிவு விலை

1963 ஜனவரி 1 அன்று ஃபுஜி தொலைக்காட்சியில் 'தெத்சுவான் ஆட்டம்' தொடங்கியது. தெத்சுவான் என்றால் இரும்புக்கை; ஆட்டம் (Atom) என்பது கதாநாயகனின் பெயர். (நம்முடைய மாயாவிக்கும் இந்தச் சிறுவன் ரோபோவுக்கும் உறவு கிடையாது.) வாரம் ஒன்று, அரை மணி நேரம் என்ற அளவில் ஜப்பானில் தொடர்ந்து வந்த முதல் அனிமே தொடர் இதுதான். செய்தவர் ஒசாமு தெசுகா. அப்போதே நாடறிந்த மங்கா ஆசிரியர், 1961இல் முஷி புரொடக்ஷன் என்ற சொந்த ஸ்டுடியோவைத் தொடங்கியிருந்தவர்.

வாரம் ஓர் அத்தியாயம் என்பது அன்றைக்குப் பைத்தியக்காரத்தனம். கணக்கைப் பாருங்கள். திரையில் ஒரு நொடிக்கு 24 சட்டங்கள் (ஃப்ரேம்) ஓடுகின்றன. விளம்பரம் போக இருபது நிமிடம் என்றால் 28,800 சட்டங்கள். ஒவ்வொரு படத்தையும் மூன்று சட்டங்களுக்கு அப்படியே நிறுத்தினாலும் 9,600 படங்கள் வேண்டும். தெசுகாவின் குழு அதைச் சில நேரம் இரண்டாயிரம் சொச்சத்தில் முடித்தது. உடல் அசையாமல் வாய் மட்டும் அசையும். பாத்திரம் ஓடும்போது கால்கள் அதே சுழற்சியில் திரும்பத் திரும்ப வர, பின்னணி மட்டும் நகரும். ஒருமுறை வரைந்த பறக்கும் காட்சியை எடுத்துவைத்துப் பத்து அத்தியாயங்களில் பயன்படுத்துவார்கள். இந்தச் சேமிப்புக்கு அவர்கள் வைத்த பெயர் 'பேங்க்'. இன்று அனிமேவின் அழகு என்று ரசிகர்கள் கொண்டாடும் உறைந்த முகம், நீளும் மௌனம், திடீர் வெட்டு ஆகியவற்றில் பாதி, இப்படித் தாள் மிச்சம் பிடித்த பழக்கத்தில் பிறந்தவை.

விலைதான் விஷயம். தெசுகா தொலைக்காட்சிக்கு ஓர் அத்தியாயத்தை 5.5 லட்சம் யென்னுக்குக் கொடுத்தார் என்பது பரவலாகச் சொல்லப்படும் எண். அதைவிடக் கூடுதலாகவே கிடைத்தது என்று வாதிடும் ஆய்வாளர்களும் உண்டு. எந்த எண்ணை எடுத்தாலும் அடக்க விலைக்குக் கீழே விற்றார் என்பதில் சண்டையில்லை. குறைவாகச் சொன்னால் வேறு யாரும் போட்டிக்கு வரமாட்டார்கள் என்று அவர் நினைத்தார்.

நட்டத்தை எப்படி ஈடுகட்டினார்? தொடருக்கு விளம்பரம் தந்தது மெய்ஜி என்ற மிட்டாய் நிறுவனம். அதன் மார்பிள் சாக்லேட்டுக்கு ஆட்டம் ஸ்டிக்கர் பரிசாக வந்தது. சிறுவர்கள் ஸ்டிக்கருக்காகவே சாக்லேட் வாங்கினார்கள். பொம்மை, பென்சில் பெட்டி, செருப்பு என்று உருவத்தின் உரிமையை விற்ற பணம் ஸ்டுடியோவுக்கு வந்தது. அமெரிக்காவின் என்பிசி குழுமமும் தொடரை வாங்கியது. அதே 1963 செப்டம்பரில் 'ஆஸ்ட்ரோ பாய்' என்ற பெயரில் அங்கே ஒளிபரப்பு தொடங்கி, மொத்தம் 104 அத்தியாயங்கள் ஆங்கிலம் பேசின. ஆக, படத்தில் நட்டம், படத்தைச் சுற்றியுள்ளவற்றில் லாபம்.

இந்த ஏற்பாட்டில் ஒரு மறைந்த நிபந்தனை இருந்தது. தெசுகாவே கதையின் சொந்தக்காரர். அவருடைய ஸ்டுடியோவே ஸ்டிக்கர் பணத்தையும் வாங்கிக்கொண்டது. மற்ற ஸ்டுடியோக்கள் போட்டிக்கு வரமாட்டா என்ற கணக்கு பொய்த்து, ஆளாளுக்குத் தொலைக்காட்சித் தொடர் செய்யக் கிளம்பியபோது, நிலையங்கள் ஆட்டம் விலையை அளவுகோலாக வைத்தன. குறைந்த விலை எல்லோருக்கும் வந்து சேர்ந்தது. ஸ்டிக்கர் உரிமை எல்லோருக்கும் வரவில்லை. முஷி புரொடக்ஷனே 1973இல் திவாலானது.

மலிவுச் சரக்கு ஊர் ஊராகப் போனது

அனிமே வெளிநாடு போனதற்குக் கலைச் சிறப்பைக் காரணமாகச் சொல்வது இன்றைய வழக்கம். எழுபதுகளில் அதை வாங்கிய தொலைக்காட்சிக்காரர்களுக்குக் கலையைப் பற்றிக் கவலை இருந்ததாகத் தெரியவில்லை. அவர்களுக்கு மணிக்கணக்கை நிரப்பச் சரக்கு வேண்டியிருந்தது. அனிமே குறைந்த விலையில், அதுவும் ஐம்பது அத்தியாயம் நூறு அத்தியாயம் என்று மொத்தமாகக் கிடைத்தது. ஜப்பானிய நிறுவனங்களுக்கோ உள்நாட்டில் பொம்மை விற்று முதலைத் தேற்றியாகிவிட்டது. வெளிநாட்டிலிருந்து எது வந்தாலும் கொசுறுதான். அதனால் கறாராகப் பேரம் பேசவில்லை.

பிரான்ஸில் 1978இல் 'கோல்டோராக்' என்ற ராட்சத ரோபோ தொடர் ஒரு தலைமுறையையே கட்டிப்போட்டது. அதே தொடர் லெபனானில் 'கிரெண்டைசர்' என்று அரபுக் குரல் பெற்று அரபு நாடுகளுக்குப் பரவியது. ஜப்பானில் அது சுமாரான வெற்றிதான். ஆனால் 2022இல் 33 மீட்டர் உயர கிரெண்டைசர் சிலையை எழுப்பிய நகரம் ரியாத், டோக்கியோ அன்று.

பிலிப்பைன்ஸ் கதை இன்னும் சுவையானது. அங்கே 'வோல்டஸ் ஃபைவ்' என்ற தொடர் 1978இல் தொடங்கியது. ஐந்து பேர் ஓட்டும் ஐந்து ஊர்திகள் ஒன்றுசேர்ந்து ஒரு ரோபோவாகும். கொம்பு முளைத்த பிரபுக்கள் ஆளும் ஒரு பேரரசை எதிர்க்கும். 1979இல், கடைசிச் சில அத்தியாயங்கள் பாக்கியிருக்கும்போது, அதிபர் மார்கோஸ் அதைத் தடைசெய்தார். வன்முறை அதிகம் என்பது அதிகாரபூர்வக் காரணம். கொடுங்கோல் ஆட்சியைப் பிள்ளைகள் கவிழ்க்கும் கட்டம் வந்துவிட்டது என்பதே மக்கள் நம்பிய காரணம். முடிவைக் காண மார்கோஸ் ஆட்சி 1986இல் விழும்வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அந்தப் பிள்ளைகள் வளர்ந்து, 2023இல் அதையே நடிகர்களை வைத்துச் சொந்த நாட்டுத் தொடராக எடுத்தார்கள்.

நம் வீடுகளில் ஷின்சானும் டோரேமோனும் தமிழ் பேசிய கதை இதற்கெல்லாம் பிந்தியது. அதுவும் குழந்தைகள் சேனலின் நாள் முழுவதையும் நிரப்பும் தேவையில் வந்ததே.

தயாரிப்புக் குழு எப்படி இயங்குகிறது

பொம்மைக் கம்பெனி ஒன்றை மட்டும் நம்பினால் என்ன ஆகும் என்பதை 1979இல் 'கண்டம்' (Gundam) என்ற ரோபோ தொடர் காட்டியது. விளம்பரம் தந்த க்ளோவர் நிறுவனத்தின் பொம்மைகள் விற்கவில்லை. 52 அத்தியாயங்களாகத் திட்டமிட்ட தொடர் 43இல் நிறுத்தப்பட்டது. அடுத்த ஆண்டே பண்டாய் நிறுவனம் அந்த ரோபோக்களைப் பிளாஸ்டிக் மாதிரிகளாக வெளியிட, கடைகளில் வரிசை நின்றது. சரக்கில் குறையில்லை. ஒரே ஆள் பணம் போட்டதே குறை.

எனவே பலர் சேர்ந்து பணம் போடும் வழி வந்தது. 1988இல் வந்த 'அகிரா' படத்துக்காகச் சேர்ந்தவர்களைப் பார்த்தால் போதும்: கொதான்ஷா பதிப்பகம், மைனிச்சி ஒளிபரப்பு நிறுவனம், பண்டாய் பொம்மை நிறுவனம், ஹகுஹோதோ விளம்பர நிறுவனம், தோஹோ திரைப்பட விநியோகம், லேசர் டிஸ்க் தயாரிப்பாளர், சுமித்தோமோ வணிக நிறுவனம், கடைசியாகப் படத்தைச் செய்த ஸ்டுடியோ. இதுதான் தயாரிப்புக் குழு. மேலே சொன்ன, ஆடை உறுப்புள்ள செய்சாகு. 1995இல் 'எவாங்கெலியன்' என்ற தொடரின் வெற்றிக்குப் பிறகு தொலைக்காட்சித் தொடர்களுக்கும் இதுவே வழக்கமாயிற்று.

குழுவின் விதிகள் ஏறக்குறைய இப்படி:

1. குழு ஒரு கம்பெனி அன்று. சிவில் சட்டப்படி அமைந்த கூட்டுப் பங்காண்மை. படத்தின் பதிப்புரிமை எல்லோருக்கும் பொதுவில் இருக்கும். முக்கிய முடிவுகளுக்கு எல்லோரும் தலையாட்ட வேண்டும்.

2. ஒவ்வொருவருக்கும் ஒரு 'ஜன்னல்'. ஜப்பானியச் சொல்லை அப்படியே பெயர்த்தால் ஜன்னல் உரிமை. புத்தகம் பதிப்பகத்தின் ஜன்னல். ஒளிபரப்பு தொலைக்காட்சியின் ஜன்னல். பாடல் இசை நிறுவனத்தின் ஜன்னல். வெளிநாட்டு விற்பனைக்கும் ஒரு ஜன்னல். அந்த வழியாக வரும் பணத்தில் ஜன்னல்காரர் முதலில் தம் கட்டணத்தை எடுத்துக்கொள்வார்.

3. மிச்சம் பொது உண்டியலுக்குப் போய், அவரவர் போட்ட முதலின் விகிதத்தில் பங்காகும்.

4. ஸ்டுடியோவுக்குக் குழு ஒரு தொகை பேசிக் கொடுக்கும். அதற்குள் படத்தை முடித்துத் தர வேண்டும். குழுவில் முதல் போடாத ஸ்டுடியோவுக்கு இதற்குமேல் பெரும்பாலும் எதுவும் இல்லை.

நான்காவது விதியைப் புரிந்துகொள்ள அரிசி மில்லை நினைத்தால் போதும். நெல் வேறொருவருடையது, மில்லுக்கு அரவைக் கூலி. சந்தையில் அரிசி விலை இரண்டு மடங்கானாலும் மூட்டைக்குப் பேசிய கூலி அதேதான்.

ஒரு கற்பனைக் கணக்கு போடுவோம். 12 அத்தியாயத் தொடருக்கு 30 கோடி யென் திரட்டப்படுகிறது. பதிப்பகம் 25 விழுக்காடு போடுகிறது. ஸ்டுடியோ எதுவும் போடவில்லை. வெளிநாட்டு ஓடிடி தளம் ஒன்று உரிமைக்கு 10 கோடி யென் தருகிறது. வெளிநாட்டு ஜன்னல்காரர் 20 விழுக்காடு எடுத்தால் 2 கோடி போய்விடும். மீதி 8 கோடியில் பதிப்பகத்துக்கு 2 கோடி, ஸ்டுடியோவுக்குச் சுழியம். ஸ்டுடியோ 5 விழுக்காடு போட்டிருந்தால் 40 லட்சம் கிடைத்திருக்கும். ஆனால் அதற்கு முதலிலேயே 1.5 கோடி யென் கையில் இருந்திருக்க வேண்டும். மாதச் சம்பளத்துக்கே அடுத்த ஒப்பந்தத்தின் முன்பணத்தை எதிர்பார்க்கும் ஸ்டுடியோவிடம் அது எங்கே இருக்கும்?

குழு முறையை வில்லனாக்குவதும் எளிது, அது நியாயமில்லை. ஆண்டுதோறும் வரும் தொடர்களில் பெரும்பாலானவை முதலைக்கூடத் தேற்றுவதில்லை. அந்த நட்டத்தைப் பலர் பகிர்ந்துகொள்வதால்தான் விசித்திரமான கதைகளுக்கும் துணிந்து பணம் கிடைக்கிறது. ரோபோ பொம்மை விற்காது என்பதற்காக ரோபோ இல்லாத கதை தடைபடுவதில்லை. தோல்வியின் அடி ஸ்டுடியோவின் தலையில் விழாமல் காப்பதும் இந்த முறைதான். வெற்றியிலிருந்து அதை விலக்கி வைப்பதும் இதே முறைதான்.

மேசையில் நடப்பது

குழுவிலிருந்து ஸ்டுடியோவுக்கு வந்த தொகை வரைபவரின் மேசைக்கு எப்படிப் போகிறது என்பதையும் பார்க்க வேண்டும்.

தாளின் ஓரத்தில் மூன்று துளைகள்: நடுவில் வட்டம், இருபுறமும் நீள்சதுரம். மேசையில் பதித்த பட்டையின் முளைகளில் தாளை மாட்டினால் அது இம்மியும் நகராது. கீழே விளக்கு எரியும் கண்ணாடி. முக்கிய ஓவியர் ஓர் அசைவின் தொடக்கத்தையும் முடிவையும் திருப்பங்களையும் வரைந்திருப்பார். இதற்குக் 'கென்கா' என்று பெயர். பக்கத்தில் நீளமான நேரத்தாள் ஒன்று இருக்கும். ஒரு தாளில் ஆறு நொடி, அதாவது 144 கட்டங்கள். எந்தப் படம் எந்தக் கட்டத்தில் வர வேண்டும் என்று அதில் குறித்திருக்கும். இரண்டு கென்காவுக்கு நடுவே வர வேண்டிய படங்களை, இரு தாள்களையும் விளக்கின்மேல் அடுக்கிவைத்துக் கோடு பிசகாமல் வரைவதுதான் 'தோகா', இடைப்படம். பலர் இன்று இதை மின்பலகையில் செய்கிறார்கள். பொறுமையில் மாற்றமில்லை. தலைமுடி பறக்கும் ஒரு காட்சியில் ஒரு தாளுக்கே மணிக்கணக்கில் ஆகலாம்.

கூலி தாள் கணக்கில். நம் ஊரில் பீஸ் ரேட் என்கிறோமே, அதுதான். நெடுங்காலமாகப் பேசப்படும் விலை தாளுக்கு 200 யென் அளவில் இருக்கிறது. மாதம் 500 தாள் என்பது கைதேர்ந்தவருக்கே எளிதன்று. அதை எட்டினால் மாதம் ஒரு லட்சம் யென். ஆண்டுக்கு 12 லட்சம். அனிமேஷன் படைப்பாளர் சங்கமான ஜானிகா எடுத்த கணக்கெடுப்பும் இதற்கு ஒத்துவருகிறது: 2013இல் இடைப்படம் வரைபவரின் சராசரி ஆண்டு வருமானம் 11 லட்சம் யென். அந்த ஆண்டு டோக்கியோவின் குறைந்தபட்சக் கூலி மணிக்கு 869 யென். நாளுக்கு எட்டு மணி வீதம் 22 நாள் கடையில் நின்றாலே மாதம் ஒன்றரை லட்சம் வந்துவிடும்! பெரும்பாலான ஓவியர்கள் ஊழியர்களாக அன்றி ஒப்பந்தக்காரர்களாக இருப்பதால் அந்தக் குறைந்தபட்சக் கூலிச் சட்டம் அவர்களைத் தொடுவதில்லை.

எல்லா ஓவியரும் இப்படி என்று எண்ணிவிடக் கூடாது. அதே கணக்கெடுப்பில் தொழிலில் உள்ள எல்லோரின் சராசரி 33 லட்சம் யென். இயக்குநர்கள் அதற்கும் மேல். ஏணியின் மேல்படிகள் பரவாயில்லை. ஏறத் தொடங்குகிறவருக்குத்தான் படியே இல்லை.

அந்தக் கீழ்ப்படியும் இப்போது பாதிக்கு மேல் ஜப்பானில் இல்லை என்றே சொல்லலாம். இடைப்பட வேலை பெருமளவு சீனா, தென்கொரியா, பிலிப்பைன்ஸ், வியட்நாம் என்று போய்விட்டது. அங்கிருந்து இன்னும் எங்கெல்லாம் கைமாறுகிறது என்பது வேலை கொடுத்தவருக்கே சில நேரம் தெரியாது. 2024இல், பூட்டப்படாமல் கிடந்த வடகொரிய சர்வர் ஒன்றில் அமெரிக்க, ஜப்பானியத் தொடர்களுக்கான அனிமேஷன் கோப்புகள், சீன மொழித் திருத்தக் குறிப்புகளோடு இருந்ததை '38 நார்த்' என்ற ஆய்வுத் தளம் வெளியிட்டது. தொடர்களின் தயாரிப்பாளர்களுக்கு இது தெரிந்திருந்ததற்குச் சான்றில்லை. ஒப்பந்தத்துக்குக் கீழ் ஒப்பந்தம், அதற்கும் கீழ் இன்னொன்று.

இதில் கூலியைவிடப் பெரிய சிக்கல் ஒன்று ஒளிந்திருக்கிறது. இடைப்படம் வெறும் கூலிவேலை அன்று. தொழில் கற்கும் பள்ளி. மூத்தவரின் கோட்டை ஆயிரம் முறை தடம்பிடித்தவரே பிறகு கென்கா வரையத் தேறுவார். அந்தப் பள்ளி கடல் கடந்து போனதால், தேவை உச்சத்தில் இருக்கும் இந்த நேரத்தில் தேர்ந்த கைகளுக்குப் பஞ்சம். ரசிகர்கள் புலம்பும் தள்ளிப்போகும் வெளியீடுகளுக்கும், நடுத்தொடரில் திடீரென்று சரியும் ஓவியத் தரத்துக்கும் இதுவே பெரிய காரணம்.

வெளிநாட்டுப் பணம் வந்த பிறகு

நெடுங்காலம் வெளிநாட்டு ரசிகர்கள் தாங்களே மொழிபெயர்த்து, வீடியோ நாடாவிலும் பிறகு இணையத்திலும் பகிர்ந்து பார்த்தார்கள். உரிமையாளருக்கு அதில் காசில்லை. 2006இல் தொடங்கிய கிரஞ்சிரோல் தளமே முதலில் அப்படி அனுமதியில்லாப் படங்களால் வளர்ந்ததுதான். 2009இல் அது தொலைக்காட்சி நிறுவனங்களோடு முறையான ஒப்பந்தத்துக்கு வந்தது. ஜப்பானில் ஒளிபரப்பான சில மணி நேரத்துக்குள் உலகம் முழுக்கப் பார்க்க முடிந்தபோது கள்ளப்பிரதி தேடும் அவசரமே குறைந்தது. 2021இல் சோனி அதை 117.5 கோடி டாலருக்கு வாங்கியது. தமிழ் ஒலிப்பதிவுகள் வரத் தொடங்கியது அதற்குப் பிறகு.

ஜப்பான் அனிமேஷன் சங்கத்தின் ஆண்டறிக்கைப்படி, 2023இல் அனிமே தொடர்பான மொத்தச் சந்தை சுமார் 3.35 லட்சம் கோடி யென். அதில் வெளிநாட்டுப் பங்கு 1.72 லட்சம் கோடி, உள்நாட்டைவிட அதிகம். அறுபது ஆண்டுகளாகக் கொசுறாக இருந்தது முதலாகிவிட்டது. ஆனால் அதே அறிக்கையில் ஸ்டுடியோக்களின் வருவாயைத் தனியே பார்த்தால் சுமார் 42,700 கோடி யென்தான். மொத்தத்தில் ஏறக்குறைய எட்டில் ஒரு பங்கு. பாத்திரம் அச்சிட்ட சட்டை முதல் ரயில் நிலையச் சுவரொட்டி வரை மொத்தத்தில் அடங்கும் என்பதை மறக்காமல்தான் இந்த விகிதத்தைப் படிக்க வேண்டும். இருந்தாலும் திசை தெளிவு. புதிய பணம் பழைய வாய்க்காலில்தான் ஓடுகிறது. குழுவின் வெளிநாட்டு ஜன்னல் அகலமாகியிருக்கிறது, அவ்வளவே.

நெட்ஃபிளிக்ஸ் போன்ற தளங்கள் ஜன்னலைத் தாண்டி ஸ்டுடியோவின் வாசலுக்கே வந்தது ஒரு மாற்றம். 2018இல் புரொடக்ஷன் ஐ.ஜி., போன்ஸ் ஆகிய ஸ்டுடியோக்களோடு நெட்ஃபிளிக்ஸ் நேரடியாக ஒப்பந்தம் போட்டது. இப்படிப்பட்ட ஒப்பந்தங்களில் பட்ஜெட் தாராளமாக இருக்கும். அதேசமயம் பணம் பொதுவாக ஒரே தவணை. தொடரைப் பத்துக் கோடிப் பேர் பார்த்தாலும் கூடுதல் வரவு கிடையாது. அரவைக் கூலி உயர்ந்தது. நெல் இன்னும் வேறொருவருடையது.

அரசு எங்கே நிற்கிறது

சுருக்கமாகச் சொல்லலாம், இதில் அரசின் பங்கு சுருக்கமானதே. அனிமே உலகைச் சுற்றி வந்து பல ஆண்டுகள் கழித்தே அரசு விழித்தது. 2008இல் டோரேமோனை அனிமே தூதராக வெளியுறவுத் துறை அறிவித்தது. 2013இல் 'கூல் ஜப்பான்' நிதியம் தொடங்கியது. அதன் திரண்ட நட்டம் பத்தாண்டுக்குள் 3,000 கோடி யென்னைத் தாண்டிவிட்டது. 2016 ரியோ ஒலிம்பிக் நிறைவு விழாவில் பிரதமர் அபே, வீடியோ விளையாட்டுப் பாத்திரமான மாரியோவின் தொப்பியோடு குழாய்க்குள்ளிருந்து எழுந்து வந்தது மட்டும் உண்மையிலேயே நன்றாக இருந்தது. வீடியோ விளையாட்டு, அனிமே, மங்கா எல்லாம் சேர்ந்த வெளிநாட்டு வருவாயை 2033க்குள் 20 லட்சம் கோடி யென்னாக உயர்த்துவது இப்போதைய இலக்கு. எஃகு ஏற்றுமதி 2022இல் 5 லட்சம் கோடியைச் சற்றே தாண்டியது என்பதோடு ஒப்பிட்டால் இந்த ஆசையின் அளவு புரியும்.

எங்கே மாறுகிறது

1. ஸ்டுடியோவே முதல் போடுவது. 'டீமன் ஸ்லேயர்' பதிப்புரிமை வரியில் மூல ஆசிரியரின் பெயருக்குப் பிறகு மூன்றே பெயர்கள்: ஷூயிஷா பதிப்பகம், சோனி குழுமத்தின் அனிப்ளெக்ஸ், படத்தை வரைந்த யூஃபோடேபிள். எட்டுப் பேர் குழுவாக இல்லாமல் சிறிய குழு. அதில் ஸ்டுடியோவுக்கு நாற்காலி. இன்னும் துணிந்தது மாப்பா ஸ்டுடியோ. 2022இல் 'செயின்சா மேன்' தொடருக்குக் குழுவே அமைக்காமல் முழுப் பணத்தையும் தானே போட்டது. இந்தத் துணிச்சலுக்கு ஒரு தோல்வியைத் தாங்கும் இருப்பு வேண்டும்; பெரும்பாலான ஸ்டுடியோக்களுக்கு அது இல்லை.

2. மாதச் சம்பளம். கியோட்டோ அனிமேஷன் நெடுங்காலமாகவே ஓவியர்களை ஊழியர்களாக வைத்து, பயிற்சிப் பள்ளி நடத்தி, கதைகளைத் தானே பதிப்பித்து, உரிமையையும் கையில் வைத்திருக்கிறது. 2019 ஜூலை 18 அன்று அங்கே ஒருவர் வைத்த தீயில் 36 பேர் இறந்தார்கள். இறந்தவர்களில் பலர் ஆண்டுக்கணக்கில் ஒரே கூரையின் கீழ் வளர்ந்த கைகள். ஆள் மாற்றி நிரப்ப முடியாத இழப்பு அது என்று உலகெங்கும் ரசிகர்கள் உணர்ந்ததற்கு அந்தச் சம்பள முறையும் ஒரு காரணம். ஓவியரின் பெயரையும் அவர் வரையும் கோட்டையும் சேர்த்து அறிந்திருந்தார்கள்.

3. சட்டம். ஒப்பந்தத்தில் தனியாக வேலை செய்பவர்களைக் காக்கும் சட்டம் ஜப்பானில் 2024 நவம்பர் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. வாய்ப்பேச்சில் வேலை கொடுக்கும் பழக்கம் ஊறிய இந்தத் தொழிலில், இனி வேலையையும் கூலியையும் எழுதித் தர வேண்டும். வேலையைப் பெற்ற 60 நாளுக்குள் பணம் தர வேண்டும். 2025 ஜனவரியில் நியாய வர்த்தக ஆணையம் திரைப்பட, அனிமே தயாரிப்பு ஒப்பந்தங்களை ஆராயத் தொடங்கியது.

மூன்றாவதில் ஒரு முடிச்சு இருக்கிறது. ஒரு மாதமோ அதற்கு மேலோ நீளும் வேலையில், வழக்கமான சந்தை விலையைவிட மிகக் குறைவாகக் கூலி பேசக் கூடாது என்று அந்தச் சட்டம் தடுக்கிறது. இடைப்படத்துக்கு வழக்கமான சந்தை விலை எது என்று கேட்டால், தொழிலில் உள்ளவர்கள் சொல்வது 200 யென்னுக்குச் சற்று முன்பின்னான ஓர் எண்ணைத்தான்.